கைவிட்ட அல்பத்தை முழுசாகக் கேட்பது

சி.எஸ்.ஐ. எண்ட அமெரிக்கத் துப்பறியும் தொடரை எங்கட வயசு ஆக்கள் கனபேர் பார்த்திருப்பீங்கள். லாஸ் வேகாஸ், மியாமி, நியூயோர்க் எண்டு மூன்று நகரத்துக்கு மூன்று தொடர். மூன்றுக்கும் தொடக்கத்தில் வேற வேற பாட்டு. அந்த மூன்று பாட்டும் த ஹூ என்ற ஒரே பிரித்தானிய றொக் குழுவின் பாட்டுகள். மூன்றையும் எழுதியவர் அந்தக் குழுவின் கிற்றார் கலைஞர் பீற் டவுண்சென்ட். அவற்றில் இரண்டு, 1971இல் பாதியில் கைவிடப்பட்ட ஒரு பெரிய வேலைக்காக எழுதப்பட்டவை. மூன்றாவது பாட்டு, அதே வேலையை அவர் பிறகு தூசி தட்டி எடுத்தபோது அதற்குள் வந்து சேர்ந்தது. அந்த வேலையின் பெயர் லைஃப்ஹவுஸ்.

நாங்கள் நாலு பேர் ஒரு ஹார்ட் டிஸ்க்கை மாறி மாறிக் கொண்டுபோய்ப் பாட்டுக் கேட்கிற ஆக்கள். கொஞ்சக் காலமாக எங்கட இரவுகள் லைஃப்ஹவுஸோடதான் போகுது. விசித்திரம் என்னவெண்டால், லைஃப்ஹவுஸ் எண்டு ஒரு அல்பத்தை த ஹூ ஒருநாளும் வெளியிடவில்லை. ஆனால் அதன் ஒலிப்பதிவுகள் மட்டும் பத்து மணித்தியாலத்துக்குக் குறையாமல் இருக்குது. வெளிவராத ஒரு அல்பத்தை எப்படிக் கேட்கிறது? அதைச் சும்மா எம்பி3 ஆக வைச்சிராமல் ஏன் லொஸ்லெஸ்ஸாக, அதாவது ஒரு துளியும் இழக்காத கோப்பாக வைச்சிருக்க வேணும்? இந்த இரண்டு கேள்வியும் எங்களுக்கு ஒரே கேள்வியாகத்தான் தெரியுது. ஏன் என்று எழுதிப் பார்க்கிறோம்.

கதை என்ன?

1969இல் த ஹூ ‘டொமி’ என்ற இரட்டை அல்பத்தை வெளியிட்டது. பார்வை, கேள்வி, பேச்சு மூன்றும் இல்லாத ஒரு பெடியனின் கதையைப் பாட்டுகளாலேயே சொல்லுகிற அல்பம். உலகம் முழுக்க ஓடியது. அடுத்த வருசமே நியூயோர்க்கின் மெற்றோபொலிற்றன் ஒபெரா மண்டபத்தில் அதை மேடையேற்றினார்கள். இப்படி ஒன்று செய்துபோட்டு அடுத்தது என்ன செய்கிறது? டவுண்சென்ட் அதைவிடப் பெரிசாக ஒன்றை யோசித்தார்.

லைஃப்ஹவுஸின் கதை எதிர்காலத்தில் நடக்கிறது. சூழல் மாசுபட்டு வெளியில் நடமாட முடியாத நிலை. சனங்கள் வீட்டுக்குள்ளேயே ஒருவித ‘அனுபவ உடுப்பு’க்குள் படுத்துக் கிடக்கிறார்கள். ‘கிறிட்’ எனப்படுகிற ஒரு வலைப்பின்னல் அவர்களுக்குச் சாப்பாடு, பொழுதுபோக்கு, வாழ்ந்தது போன்ற அனுபவம் எல்லாவற்றையும் குழாய் வழியாகக் கொடுக்கிறது. றொக் இசை அங்கே இல்லை. பொபி எண்ட ஒருத்தன் அந்த வலைக்குள் களவாகப் புகுந்து, ‘லைஃப்ஹவுஸ்’ என்ற இடத்தில் நடக்கப்போகிற ஒரு இசை நிகழ்ச்சிக்குச் சனங்களை அழைக்கிறான். தூரத்தில், வலைக்கு வெளியே ஸ்கொட்லாந்துப் பக்கம் விவசாயம் செய்து வாழ்கிற குடும்பம் ஒன்று. அந்த வீட்டுப் பிள்ளை மேரி இந்த அழைப்பைக் கேட்டு வெளிக்கிட்டுப் போகிறாள். தகப்பனும் தாயும் வாகனத்தில் அவளைத் தேடிப் புறப்படுகிறார்கள். கடைசியில், நிகழ்ச்சிக்கு வந்த ஒவ்வொருவரின் விபரங்களில் இருந்தும் ஒவ்வொரு இசை உருவாகி, எல்லாம் சேர்ந்து ஒரே ஸ்வரமாகிறது. அந்த ஸ்வரத்தில் எல்லாரும் மறைந்து போகிறார்கள்.

இன்ரநெற் இல்லாத 1970இல் யோசிச்ச கதை இது. 2020இல் ஊரடங்கில் ரூமுக்குள் இருந்து ஃபோனைப் பார்த்துக்கொண்டு கிடந்த எங்களுக்கு ‘கிறிட்’டை ஆரும் விளங்கப்படுத்தத் தேவையில்லை. அண்டைக்கு டவுண்சென்ட்டைச் சுற்றி இருந்தவர்களுக்குத்தான் அது விளங்கவில்லை.

கடைசி ஸ்வரம் எங்கிருந்து வந்தது என்பதையும் சொல்லவேணும். டவுண்சென்ட் இந்திய ஞானி மெஹர் பாபாவைப் பின்பற்றியவர். உலகம் முழுவதும் அதிர்வே, ஒலியே எல்லாவற்றுக்கும் அடி என்ற சூஃபி ஆசிரியர் இனாயத் கானின் எழுத்தும் அவரைப் பாதித்திருந்தது. இன்னொரு பக்கம், ஒரே சிறு இசைத்துண்டைத் திருப்பித் திருப்பி அடுக்கி இசை செய்கிற அமெரிக்கர் ரெறி றைலி. ஒரு மனிதனின் விபரங்களைச் சின்தசைசருக்குள் போட்டால் அந்த மனிதனுக்கென்றே ஒரு இசை வரும் என்று டவுண்சென்ட் நம்பினார். மெஹர் பாபாவின் விபரங்களைப் போட்டால் றைலியின் பாணியில் எப்படி வரும்? ‘பாபா ஓ’றைலி’ என்ற பாட்டின் பெயர் அப்படித்தான் வந்தது. பாட்டுக்குள் அந்தப் பெயர் ஒரு இடத்திலும் வராது.

எப்படி உடைந்தது?

1971 ஜனவரியில் பத்திரிகைக்காரரைக் கூப்பிட்டு இந்தத் திட்டத்தை அறிவித்தார். லண்டனில் அப்போதுதான் திறக்கப்பட்டிருந்த யங் விக் என்ற சின்னத் தியேட்டரை எடுத்தார்கள். யோசனை என்னவெண்டால், அங்கே குழுவும் பார்வையாளரும் மாதக்கணக்கில் திரும்பத் திரும்பக் கூடவேணும். வந்தவர்களின் விபரங்களில் இருந்து இசை பிறக்கவேணும். அதெல்லாம் படமாகவும் எடுக்கப்படவேணும். நடந்தது வேற. வந்த இளம் ஆக்களுக்குப் பழைய ஹிற் பாட்டுகள்தான் தேவைப்பட்டது. அண்டைய இயந்திரங்களால் அவர் நினைத்ததில் பத்திலொரு பங்கைக்கூடச் செய்ய ஏலாது. ‘பாபா ஓ’றைலி’யின் தொடக்கத்தில் சுழன்று சுழன்று வருகிற அந்த ஒலிகூடக் கொம்பியூட்டர் செய்ததில்லை. லோறி என்ற வீட்டு ஓகனில் ‘மரிம்பா றிப்பீற்’ என்ற ஒரு பொத்தானைப் போட்டு, டவுண்சென்ட் கையால் வாசித்தது.

மார்ச்சில் நியூயோர்க்குக்குப் போனார்கள். குழுவின் மனேஜரும் ‘டொமி’யை உருவாக்கக் கை கொடுத்தவருமான கிற் லாம்பேர்ட்டோடு றெக்கோர்ட் பிளான்ற் ஸ்ரூடியோவில் பதிவு தொடங்கியது. இரண்டு பேருக்கும் இடையில் அப்போது பழைய உறவு இல்லை. அந்தப் பதிவும் சரிவரவில்லை. கதையை மற்ற மூன்று பேருக்கும் திருப்பித் திருப்பி விளங்கப்படுத்தியே களைத்த டவுண்சென்ட் அங்கே மனம் உடைந்து போனார்.

லண்டனுக்குத் திரும்பி கிளின் ஜோன்ஸ் என்ற ஒலிப்பதிவாளரிடம் போனார்கள். அவர் ஸ்கிறிப்ற்றை வாசித்தார். கதை விளங்கவில்லை, பாட்டுகள் மிகத் திறம் என்பதுதான் அவருடைய நிலைப்பாடு. கதையை விட்டுவிட்டு, இரட்டை அல்பத்தையும் விட்டுவிட்டு, நல்ல பாட்டுகளை மட்டும் எடுத்து ஒரு தனி அல்பம் செய்வோம் என்றார். அதுதான் 1971 ஓகஸ்ற்றில் வந்த ‘ஹூ’ஸ் நெக்ஸ்ற்’. ஒன்பது பாட்டு. அதில் ஜோன் என்ற்விசில் எழுதிய ஒன்றைத் தவிர மற்ற எட்டும் லைஃப்ஹவுஸ் காலத்தில் டவுண்சென்ட் எழுதியவை. பிரித்தானியாவில் முதலாம் இடத்துக்குப் போன த ஹூவின் ஒரேயொரு அல்பம் அது.

சும்மா சொல்லக்கூடாது, கிளின் ஜோன்ஸ் சொன்னதும் நியாயம்தான். ‘ஹூ’ஸ் நெக்ஸ்ற்’ ஒரு அப்பழுக்கில்லாத அல்பம். ஆனால் அதை உற்றுக் கேட்டால் பிடுங்கி நட்ட அடையாளங்கள் தெரியும். ‘பிஹைன்ட் புளூ ஐஸ்’ பாட்டை எங்கட வயசு ஆக்கள் 2003இல் லிம்ப் பிஸ்கிற் பாடின வடிவத்தில்தான் முதலில் கேட்டிருப்பம். தனிமையில் உள்ள ஆரோ ஒராள் அழுகிற பாட்டு எண்டு நினைக்கத் தோன்றும். லைஃப்ஹவுஸில் அது வில்லன் பாடுகிற பாட்டு. அது தெரிந்த பிறகு அதே மெட்டு வேற மாதிரிக் கேட்கும். இன்னொன்று, ‘த சோங் இஸ் ஓவர்’. அதன் முடிவில் திடீரென்று வேறொரு பாட்டின் அடி வந்து போகும். அந்த அடி ‘பியுவர் அன்ட் ஈசி’ என்ற பாட்டுக்குரியது. கடைசி ஸ்வரத்தைப் பற்றிய பாட்டு அது, கதையின் நடுத்தூண். அந்தப் பாட்டு அல்பத்தில் இல்லை! வீட்டைச் சின்னதாக்க ஒரு அறையை இடித்துவிட்டார்கள், அந்த அறைக்குப் போகிற கதவு மட்டும் சுவரில் நிற்குது.

பெட்டிக்குள் வந்த சாமான்கள்

இடித்த அறையின் சாமான்கள் பிறகு கொஞ்சம் கொஞ்சமாக வெளியே வந்தன. ‘பியுவர் அன்ட் ஈசி’யை 1972இல் டவுண்சென்ட் தன் தனி அல்பத்தில் பாடினார். குழுவின் வடிவம் 1974இல் ‘ஒட்ஸ் அன்ட் சொட்ஸ்’ என்ற உதிரித் தொகுப்பில் வந்தது. ‘லெற்ஸ் சீ அக்சன்’, ‘ஜொயின் ருகெதர்’, ‘றிலே’ மூன்றும் தனித்தனி சிங்கிளாக வந்தன. 1999 டிசம்பரில் பிபிசி றேடியோ 3 கதையை வானொலி நாடகமாக ஒலிபரப்பியது. 2000இல் ‘லைஃப்ஹவுஸ் குறோனிகிள்ஸ்’ என்ற 6 சிடி கொண்ட பெட்டியை டவுண்சென்ட் தானே நேரடியாக விற்றார். இரண்டு சிடி முழுக்க அவருடைய டெமோக்கள், ஒன்றில் பரிசோதனைகள், ஒன்றில் வாத்தியக்குழுவுக்கு எழுதியவை, மற்ற இரண்டிலும் வானொலி நாடகம். 2023இல் ‘ஹூ’ஸ் நெக்ஸ்ற் / லைஃப் ஹவுஸ்’ என்ற பெரிய பெட்டி வந்தது. 10 சிடி, ஒரு புளூ-ரே, 155 பதிவுகள், அதில் 89 முதல் தடவையாக வெளிவந்தவை. நியூயோர்க்கில் சரிவராமல் போன பதிவுகளும், 1971 ஏப்ரல் 26 யங் விக் நிகழ்ச்சியும், அதே வருசம் டிசம்பர் 12 சான் பிரான்சிஸ்கோ நிகழ்ச்சியும் இதற்குள் இருக்கின்றன.

இவற்றில் எங்களுக்கு ஆகப் பிடிச்சது டெமோக்கள். டவுண்சென்ட் தன் வீட்டு ஸ்ரூடியோவில் ட்றம்ஸ், பேஸ், கிற்றார், ஓகன், குரல் எல்லாவற்றையும் தானே செய்து பதிவார். ‘பாபா ஓ’றைலி’யின் டெமோவில் குரலே இல்லை. ஓகன் ஒன்பது நிமிசத்துக்கு மேல் சுழன்றுகொண்டே இருக்கும். ‘ரீனேஜ் வேஸ்ற்லான்ட்’ என்று இன்னொரு டெமோ. அது ஆறுதலாக நடக்கிற வேறொரு பாட்டு. இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால்தான், அல்பத்தில் வருகிற ஐந்து நிமிசப் பாட்டு இந்த இரண்டையும் ஒட்டிச் செய்தது எண்டு பிடிபடும். ‘வோன்ற் கெற் ஃபூல்ட் அகெய்ன்’ இன்னும் விசேசம். டெமோவுக்காக லோறி ஓகனை விசிஎஸ்3 சின்தசைசருக்குள்ளால் விட்டு வீட்டில் பதிந்த அதே ரேப்பைத்தான் குழுவும் பயன்படுத்தியது. அந்த ரேப் ஓட, மற்றவர்கள் அதோடு சேர்ந்து வாசித்தார்கள். காற்று மாதிரிப் போகிற ட்றம்ஸ்காரர் கீத் மூன், ரேப்பைப் பின்பற்றுவதற்காக மேடையில் ஹெட்ஃபோன் போடவேண்டி வந்தது. அதாவது, உலகம் கேட்ட அந்தப் பாட்டுக்குள் ஒரு வீட்டு டெமோ உயிரோடு இருக்கிறது.

லொஸ்லெஸ் எண்டால் என்ன?

இப்ப கோப்புக்கு வருவம். சிடியில் ஒரு செக்கனுக்கு 44,100 தடவை ஒலியின் அளவு எடுக்கப்படுகிறது. ஒவ்வொரு அளவும் 16 பிற், இடம் வலம் என்று இரண்டு பக்கம். பெருக்கிப் பாருங்கள்: செக்கனுக்கு 14 லட்சத்துக்குச் சற்று மேலான பிற்கள். ஒரு நிமிசத்துக்குக் கிட்டத்தட்ட 10 மெகாபைட். 128 கிலோபிற் எம்பி3 இதைப் பதினொன்றில் ஒரு பங்காக்கி விடும். மிச்சம் எங்க போனது? எறியப்பட்டது. பெரிய சத்தத்துக்குப் பக்கத்தில் வருகிற சின்னச் சத்தம் மனிசக் காதுக்குப் படாது, மிக உயர்ந்த ஒலிகள் தேவைப்படாது என்ற கணக்கில் எறியப்பட்டது. எறிந்தது எறிந்ததுதான். பிறகு அந்த எம்பி3ஐ எந்த வடிவத்துக்கு மாற்றினாலும் திரும்பி வராது.

2001இல் வந்த ஃபிளாக் வேற மாதிரி வேலை செய்யும். முன்னால் போன புள்ளிகளை வைத்து அடுத்த புள்ளி எங்கே வரும் என்று ஊகிக்கும். ஊகத்துக்கும் உண்மைக்கும் இடையில் உள்ள வித்தியாசத்தை மட்டும் எழுதி வைக்கும். திருப்பி விரிக்கும்போது ஊகத்தோடு வித்தியாசத்தைக் கூட்டினால் பழைய ஒலி பிற் பிசகாமல் வந்துவிடும். சேலையை மடிச்சு அலுமாரிக்குள்ள வைக்கிற மாதிரி. எம்பி3 கரையையும் தலைப்பையும் வெட்டிப்போட்டு ‘உடுத்தால் தெரியாது’ எண்டு சொல்லுற மாதிரி. மடிச்சு வைக்கக் கொஞ்சம் இடம் வேணும், அவ்வளவுதான். ஃபிளாக் பொதுவாக மூலத்தின் பாதி அல்லது அதற்குச் சற்று மேல் வரும். ஒரு சிடி ஒரு மணித்தியாலம் என்று கணக்குப் போட்டால் 10 சிடிக்கு மூன்றரை ஜிகாபைட் அளவில். கோப்பு பழுதாகாமல் இருக்குதா என்று சரிபார்க்க, மூல ஒலியின் கைரேகை மாதிரி ஒரு இலக்கமும் ஃபிளாக்குக்கு உள்ளேயே இருக்கும்.

உண்மையையும் சொல்லவேணும். 320 கிலோபிற் எம்பி3ஐயும் ஃபிளாக்கையும் பெயர் சொல்லாமல் மாறி மாறிப் போட்டால் பெரும்பாலான ஆக்களால் வித்தியாசம் பிடிக்க முடியாது. பஸ்ஸில் ஜன்னல் கரையில் இருந்து சின்ன இயர்ஃபோனில் கேட்கிறவருக்கு ஃபிளாக் வீண் டேற்றா. ‘எங்கட காது உங்கட காதைவிடத் திறம்’ எண்டு கதைக்கிறவையோட எங்களுக்கு ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. ஆனால் கேட்கிறது ஒன்று, காப்பாற்றி வைக்கிறது இன்னொன்று.

யாழ்ப்பாணத்தில் ரெக்கோடிங் பார் இருந்த காலத்துக் கசற்றுகளை வீட்டில் பெரியாக்கள் இன்னும் வைச்சிருக்கினம். பாட்டுப் பெயர்களைத் துண்டில் எழுதிக் குடுத்துப் பதிஞ்சு எடுத்த கசற். அதைப் பார்த்து இன்னொருவர் பதிவார், அதைப் பார்த்து வேறொருவர். ஒவ்வொரு பிரதியிலும் இரைச்சல் கூடும், குரல் மங்கும். வெளிநாட்டு றொக் ரசிகர்கள் வெளிவராத பதிவுகளைக் கசற்றில் கைமாற்றிய காலத்திலும் இதே சிக்கல்தான். அதனால்தான் லொஸ்லெஸ் வடிவங்கள் வந்ததும், கச்சேரிப் பதிவுகளைப் பரிமாறுகிற ஆக்களில் கனபேர் எம்பி3ஐக் கைமாற்றக் கூடாது என்று சட்டம் போட்டார்கள். லொஸ்லெஸ்ஸில் நூறாவது பிரதியும் முதலாவது பிரதிதான்.

முடிந்த பாட்டுக்கு இது ஒரு வசதி. முடியாத பாட்டுக்கு இது உயிர். ஏனெண்டால் முடிந்த பாட்டில் எது முக்கியம் என்று கலைஞரே தீர்மானித்து முடித்துவிட்டார். கைவிட்ட வேலையில் அந்தத் தீர்ப்பு இன்னும் வரவில்லை. ரேப்பின் இரைச்சல், தொடங்க முதல் எண்ணுகிற குரல், சரிவராத ஒரு திருப்பம், இரண்டாவது தடவை விட்டுப்போன ஒரு வாத்தியம், இதெல்லாம்தான் அங்கே செய்தி. ஒரு சின்ன விசயத்தைக் கவனியுங்கள். ரேப்பின் இரைச்சலை ஊகிக்கவே முடியாது. அதனால் ஃபிளாக்குக்கு ஆகச் செலவு வைப்பது அந்த இரைச்சல்தான். எம்பி3க்கோ முதலில் கெடுவது அதுதான். குறைந்த எம்பி3இல் அது தண்ணிக்குள்ளால் வருகிற மாதிரிச் சலசலக்கும். ‘இது உனக்குத் தேவைப்படாது’ எண்டு எம்பி3 சொல்லுது. 1971இல் லைஃப்ஹவுஸுக்கும் ஆக்கள் அதையேதான் சொன்னார்கள்.

எங்களிடம் மிஞ்சியது

இது எங்களுக்கு ஏன் இவ்வளவு முக்கியம் எண்டு கேட்பீங்கள். எங்களிடமும் ஒரு முடியாத அல்பம் இருக்குது. பெரிய விசயமில்லை. யாழ்ப்பாணத்தில் இருந்து கொழும்புக்குப் போகிற ஒரு இரவு பஸ். ஒவ்வொரு தரிப்பிடத்துக்கும் ஒரு பாட்டு, ஏழு பாட்டு. அப்ப நாங்கள் ஐந்து பேர். எங்களில் ஒருவரின் வீட்டுப் பின் அறையில், ஜன்னலில் பெட்சீற் தொங்கவிட்டுப் பதிஞ்சம். நாலு பாட்டுக் கிட்டத்தட்ட முடிஞ்சது. பிறகு ஒருத்தன் கனடாவுக்குப் போனான். ஒருத்திக்குக் கொழும்பில வேலை. 2022இல் மணித்தியாலக் கணக்கில் கரண்ட் போய் வந்துகொண்டிருந்த நாட்களில் அந்தக் கொம்பியூட்டர் ஒருநாள் எழும்பவே இல்லை. ஹார்ட் டிஸ்க்கைக் கடையில் திறந்து பார்த்தார்கள். ஒன்றும் எடுக்க முடியவில்லை.

மிஞ்சியது, பதியப் பதிய ஒருவருக்கொருவர் வட்ஸ்அப்பில் அனுப்பின வொய்ஸ் நோட்டுகள். ஸ்பீக்கருக்கு முன்னால் ஃபோனைப் பிடிச்சு அனுப்பினது. வொய்ஸ் நோட் எண்டால் நல்லாய் நசுக்கித்தான் அனுப்பும். மெட்டு விளங்கும், வரி விளங்கும். கிற்றாரும் பின்னால் தட்டின தகரமும் ஒரே சத்தமாகிவிட்டன.

அதில் வவுனியாப் பாட்டின் தொடக்கத்தில், முதல் கோர்ட் வர முதல், ஒரு சரசரப்பு இருக்குது. எங்களுக்கு அது என்னவெண்டு தெரியும். அந்த வீட்டு அம்மம்மா குசினிக்குள் இருந்து “பிள்ளையள், தேத்தண்ணி வைக்கட்டே?” எண்டு கேட்டவ. அந்தக் கேள்வி மைக்கில் விழுந்துவிட்டதெண்டு அண்டைக்கு எல்லாரும் சிரிச்சம். கடைசி மிக்ஸில் வெட்டுவம் எண்டுதான் கதைச்சம். கடைசி மிக்ஸ் வரவில்லை. அம்மம்மா போன வருசம் மோசம் போயிட்டா. இப்ப அந்த நாலு செக்கனை எத்தனையோ தரம் திருப்பிப் போட்டுக் கேட்டாச்சு. அங்க நிண்ட எங்களுக்கு அது அவவின் குரல். புதிசாய்க் கேட்கிற ஆருக்கும் அது வெறும் சரசரப்பு. பாட்டுக்குத் தேவைப்படாத சத்தம் எண்டு ஒரு மென்பொருள் கணக்குப் போட்டு எடுத்ததில் அவவும் போய்விட்டா.

கனடாவில் இருக்கிறவன் போனமாதம் கேட்டான், “திரும்பப் பதிவமாடா?” எண்டு. பதியலாம். பாட்டு வரும்.

முடித்து வைக்கலாமா?

கைவிட்ட றொக் வேலைகளில் ஆகப் பிரபலமானது பீச் போய்ஸின் ‘ஸ்மைல்’. பிறையன் வில்சன் 1966இல் தொடங்கி, 1967இல் விட்டார். 37 வருசம் கழித்து, 2004இல், புதுக் குழுவோடு அதைப் பதிந்து முடித்தார். 2011இல் பழைய ரேப்புகளும் தனிப் பெட்டியாக வந்தன. அங்கே ஒரு முடிவு இருக்கிறது. லைஃப்ஹவுஸுக்கு அந்த மாதிரி முடிவு வரவில்லை. டவுண்சென்ட் அதை வானொலி நாடகமாக்கினார், மேடையேற்றினார். 2007இல், ஒருவர் தன் விபரங்களைக் கொடுத்தால் அவருக்கென ஒரு இசையைச் செய்து தருகிற மென்பொருளைக்கூட மற்றவர்களோடு சேர்ந்து இணையத்தில் திறந்தார். 1971இல் இயந்திரத்தால் ஏலாமல் போனது கடைசியில் நடந்தது. ஆனால் எல்லாரும் சேர்ந்து மறைந்து போகிற அந்த ஒரு ஸ்வரம் எந்தப் பெட்டியிலும் இல்லை.

ரசிகர்கள் பலர் தாங்களே பாட்டுகளை வரிசைப்படுத்தித் தங்கட லைஃப்ஹவுஸைச் செய்து பார்க்கிறார்கள். நாங்களும் நாலு வரிசை செய்தம், நாலு பேருக்கும் நாலு விதம். ஒருவரின் வரிசையில் வில்லனின் பாட்டு முதலே வருது, இன்னொருவர் அதைக் கடைசிக்கு முன்னால் வைக்கிறார். வாக்குவாதம் இன்னும் முடியவில்லை. ஒரு துண்டும் குறையாமல் முழுசாக இருப்பதால்தான் இந்த வாக்குவாதமே நடக்குது. ஆரோ ஒராள் எங்களுக்குத் தேவையில்லை என்று ஏற்கனவே கழித்து வைத்திருந்தால் கேட்க ஒரு வழிதான் இருந்திருக்கும்.

கேட்க விரும்பினால்

முதலில் ‘ஹூ’ஸ் நெக்ஸ்ற்’ அல்பத்தை எந்த வடிவத்திலும் ஒருதரம் முழுசாகக் கேளுங்கோ. யூரியூப்பிலும் பரவாயில்லை. பிறகு ‘பியுவர் அன்ட் ஈசி’. அதைக் கேட்டுவிட்டு ‘த சோங் இஸ் ஓவர்’ பாட்டின் முடிவுக்குத் திரும்பிப் போங்கோ. அந்தக் கதவு தெரியும். அதற்குப் பிறகு ‘ரீனேஜ் வேஸ்ற்லான்ட்’, ‘பாபா ஓ’றைலி’ டெமோக்கள். இதற்கு மட்டும் லொஸ்லெஸ் தேடுங்கோ, நல்ல ஹெட்ஃபோன் ஒன்று இரவல் வாங்குங்கோ, இரவில் கேளுங்கோ. வானொலி நாடகத்தைக் கடைசியாக வையுங்கோ.

நீங்களும் பின் அறையில் எதையாவது பதிகிற ஆக்கள் எண்டால், பதிந்தபடியே, ஒன்றும் வெட்டாமல், ஃபிளாக்கில் ஒரு பிரதி எடுத்து வேற வீட்டில் உள்ள ஒராளிடம் குடுத்து வையுங்கோ. நாலு நிமிசப் பாட்டுக்கு 25 மெகாபைட் காணும். பாட்டு முடிய வேணுமெண்டு இல்லை.

உங்கட லைஃப்ஹவுஸ் வரிசையையும் எங்களுக்கு அனுப்புங்கோ. ஐந்தாவது வரிசைக்கும் சண்டை பிடிக்க நாங்கள் தயார்.